மணியின் வேளை

டர்பனில் கோடைக்காலமான டிசம்பர் மாதத்தில் காலை 4.45 மணிக்கே சூரியன் உதித்துவிடும். குளிர்காலமான ஜூன் மாதத்திலோ ஏழு மணிக்குச் சற்று முன்புதான் உதிக்கும். பருவத்துக்கேற்பக் கடிகாரத்தைத் தள்ளி வைக்கும் வழக்கம் தென்னாப்பிரிக்காவில் இல்லை. ஆகவே எங்கள் பிள்ளைகளின் பள்ளி மணி கோடையிலும் குளிரிலும் காலை 7.45க்குத்தான் அடிக்கிறது. கோடையில் வெளிச்சம் வந்த பிறகும் புரண்டு படுத்துக்கொண்டும், குளிரில் இருட்டோடு எழ முடியாமலும், இரண்டு பருவத்திலும் கடைசி அரை மணி நேரத்தில் வீட்டையே தலைகீழாக்கிவிட்டுத்தான் நாங்கள் பள்ளிக்குக் கிளம்பிக்கொண்டிருந்தோம். நான்கு ஆண்டுகளுக்கு முன் நாய்க் காப்பகத்திலிருந்து மணியை அழைத்து வந்தபோது, இந்த நிலையை ஒரு நாய் மாற்றும் என்று நாங்கள் யாரும் எண்ணவில்லை.

டர்பனின் சாட்ஸ்வொர்த் மேட்டில், என் கணவரின் தாத்தா காலத்திலிருந்து இருக்கும், பக்கத்து வீட்டோடு ஒட்டிக் கட்டிய சிறிய வீடு எங்களுடையது. நான் கும்பகோணத்திலிருந்து திருமணமாகி இங்கு வந்து 14 ஆண்டுகள் ஆகின்றன. மகளுக்கு 11 வயது, மகனுக்கு 6 வயது. பிள்ளைகள் ஆயா என்று அழைக்கும் என் மாமியாரும் எங்களோடுதான் இருக்கிறார். மணி வருவதற்கு முன்பும் வீட்டில் கால அட்டவணை இல்லாமல் இல்லை. குளிர்சாதனப் பெட்டியின் கதவில் வண்ணத் தாளில் எழுதி ஒட்டியிருந்தேன்; இரண்டு வாரம் அதைப் பார்த்தார்கள், மூன்றாம் வாரம் அதன்மேல் மளிகைச் சீட்டு தொங்கியது. தாளில் எழுதிய வேளையைத் தள்ளிப்போடலாம், யாரும் கேட்கப்போவதில்லை. சிறுநீர் கழிக்க வேண்டிய உயிர் ஒன்று பின்கதவுக் கம்பியை மூக்கால் முட்டிக்கொண்டு நிற்கும்போது அந்த வேளையைத் தள்ளிப்போட முடியாது. குடும்பத்தின் நாளை எந்த ஆசையைச் சுற்றி வேண்டுமானாலும் திட்டமிடலாம். ஆனால் தவற விட முடியாத ஒரு தேவையைச் சுற்றி அமைத்தால்தான் அது நிலைக்கிறது என்பதை நான் மணியிடம்தான் கற்றேன்.

இப்போது எங்கள் காலை 5.15க்குத் தொடங்குகிறது. மகள் எழுந்து பின்கதவின் இரும்புக் கிராதியைத் திறந்து மணியைத் தோட்டத்தில் விடுகிறாள். கோடையில் அவளும் அவள் அப்பாவும் 5.30க்கு அதை அழைத்துக்கொண்டு மேட்டுத் தெருவில் ஏறி, அரை மணி நேரம் நடந்துவிட்டு வருகிறார்கள். எங்கள் தெருக்கள் எல்லாமே ஏற்றமும் இறக்கமுமாக இருப்பதால் அந்த அரை மணி நேரத்தில் மூச்சு நன்றாகவே வாங்கும். 5 முதல் 17 வயது வரையுள்ள பிள்ளைகள் ஒரு நாளைக்குச் சராசரியாக 60 நிமிடமாவது உடல் உழைக்க ஓடியாட வேண்டும் என்பது உலக சுகாதார நிறுவனத்தின் பரிந்துரை. அதில் பாதியை மகள் பள்ளிக்குப் போவதற்கு முன்பே முடித்துவிடுகிறாள். ஜூன், ஜூலையில் ஆறு மணிக்கும் இருட்டாக இருப்பதாலும், இருட்டில் பிள்ளையைத் தெருவுக்கு அனுப்ப மனம் ஒப்பாததாலும், காலையில் தோட்டத்தோடு நிறுத்திக்கொண்டு நடையை மாலை நான்கு மணிக்கு மாற்றிக்கொள்கிறோம். கோடையில் அந்த நான்கு மணி ஆகாது. பிப்ரவரி வெயிலில் தார்ச் சாலை கொதிக்கும். புறங்கையைத் தரையில் வைத்து ஏழு விநாடி பொறுக்க முடியவில்லையென்றால் நாயின் பாதமும் அதைப் பொறுக்காது. இதை என் மகன்தான் இப்போது கேட்டுக்கு வெளியே மண்டியிட்டுக் கையை வைத்துப் பார்த்துச் சொல்கிறான்.

இத்தனை ஒழுங்கும் முதல் நாளே வந்துவிடவில்லை. மணி வந்து இரண்டாவது ஆண்டின் ஜனவரியில் நாங்கள் அதை ஏறக்குறைய இழந்தோம். உண்ணிக்கு மாதம் ஒரு மாத்திரை கொடுக்க வேண்டும் என்பது எங்கள் நால்வருக்கும் தெரியும். டிசம்பர் விடுமுறையில் ஊரிலிருந்து உறவினர்கள் வந்திருந்தார்கள், அதன் பின் பள்ளி திறக்கும் அவசரம். மாத்திரையை நான் கொடுத்திருப்பேன் என்று கணவர் நினைத்தார். அவர் கொடுத்திருப்பார் என்று நான் நினைத்தேன். நாய்க்கு வேண்டியதையெல்லாம் தானே செய்வதாக மகள் முதல் நாள் சொன்ன சொல்லை நாங்கள் இருவருமே உள்ளூர நம்பிக்கொண்டிருந்தோம். ஒரு திங்கட்கிழமை மணி உணவை முகர்ந்து பார்த்துவிட்டுத் திரும்பிப் படுத்துக்கொண்டது. வெயில் கடுமையாக இருந்ததால் அதனால்தான் என்று விட்டுவிட்டேன். செவ்வாய்க்கிழமை மாலை அது புல்லில் கழித்த சிறுநீர் கடுங்காப்பியின் நிறத்தில் இருந்ததை மகள்தான் பார்த்தாள். உதட்டைத் தூக்கிப் பார்த்தபோது இளஞ்சிவப்பாக இருக்க வேண்டிய ஈறு, வெள்ளைக் காகிதம்போல் வெளுத்திருந்தது.

இங்கு எல்லோரும் பிலியரி என்று சொல்லும் நோய் அது. உண்ணியின் எச்சிலோடு நாயின் உடலுக்குள் புகும் பாபேசியா என்னும் நுண்ணுயிர், இரத்தத்தின் சிவப்பணுக்களுக்குள் பெருகி அவற்றை உடைத்துவிடுகிறது. தென்னாப்பிரிக்காவில் பரவலாகக் காணப்படும் பாபேசியா வகை மிகக் கொடியது. கவனிக்காமல் விட்டால் சில நாட்களில் நாய் இறந்துபோகும். மருத்துவர் காதின் நுனியில் ஊசியால் குத்தி ஒரு துளி இரத்தத்தைக் கண்ணாடித் தகட்டில் தேய்த்து நுண்நோக்கியில் பார்த்தார். பார்த்த மாத்திரத்தில் நோயைச் சொல்லிவிட்டார். அன்றிரவே வேறொரு நாயின் இரத்தத்தை ஏற்றினார்கள். மூன்று இரவுகள் மணி அங்கேயே இருந்தது. அந்த மூன்று நாளும் காலை 5.15க்கு மகள் வழக்கம்போல் எழுந்து வந்து, கதவைத் திறக்க ஆளில்லாமல் சமையலறையில் உட்கார்ந்திருந்தாள்.

அதன் பிறகு நாங்கள் ஒரே ஒரு விதியைத்தான் புதிதாக வகுத்தோம்: ஒரு வேலைக்கு ஒரே ஒருவர் பெயர். எல்லோருக்கும் பொதுவான வேலை யாருக்கும் உரியதல்ல என்பதை அந்த ஜனவரி எங்களுக்குப் புரியவைத்தது. மாத்திரையும் தடுப்பூசியும் பூச்சி மருந்தும் என் பெயரில். காலை நடை கணவர் பெயரில், மகள் அவருக்குத் துணை. தண்ணீர்க் கிண்ணம் மகன் பெயரில். மாலை உணவு ஆயா பெயரில். பிள்ளைகள் பொறுப்பைக் கற்க வேண்டும் என்பதற்காகவே நாய் வாங்கிக் கொடுப்பதாகப் பலர் என்னிடம் சொல்வதுண்டு. அதில் ஓரளவு உண்மை இருந்தாலும், ஓர் உயிர் பிழைப்பதற்கான பொறுப்பைப் பதினோரு வயதுப் பிள்ளையின் தோளில் வைப்பதை நான் ஒப்புக்கொள்ள மாட்டேன். பிள்ளை மறந்தால் கிண்ணம் காலியாக இருக்கும், அதைப் பெரியவர் பார்த்து நிரப்பிவிட முடியும்; அப்படிப்பட்ட வேலைகள்தான் பிள்ளைகளுக்கு உரியவை.

உணவு விஷயத்தில் எங்களுக்கு வழிகாட்டியது புரட்டாசி. இங்குள்ள தமிழ்க் குடும்பங்கள் பலவற்றில் புரட்டாசி மாதம் முழுவதும் புலால் கிடையாது; பாத்திரங்களைக்கூட மாதப் பிறப்புக்கு முன்பே தேய்த்துக் கவிழ்த்துவிடுவார்கள். மணி வந்த முதல் ஆண்டு, இறைச்சி கலந்த நாய் உணவு சமையலறையில் இருக்கலாமா என்று என் மாமியார் தயங்கினார். "பாவம், அது வாயில்லா ஜீவன்மா, அதுக்கு ஏன் விரதம்? சாப்பாட்டை மட்டும் வெளிய வெச்சிடு" என்று அவரே வழியும் சொன்னார். கிண்ணமும் உணவு மூட்டையும் பின் தாழ்வாரத்திற்குப் போயின. புரட்டாசி முடிந்தும் அவற்றை நாங்கள் உள்ளே கொண்டுவரவில்லை. ஏனென்றால் அந்த ஒரு மாதத்தில், நாங்கள் சாப்பிடும் வேளையில் மேசைக்கடியில் நின்று கெஞ்சும் பழக்கம் மணிக்கு விட்டுப்போயிருந்தது; மகன் தன் தட்டிலிருந்து பிடிக்காத காயை நைசாக நழுவவிடுவதும் நின்று, தன் பங்கைத் தானே சாப்பிட ஆரம்பித்திருந்தான். மணிக்குக் காலை ஆறு மணிக்கும் மாலை ஐந்து மணிக்கும் அளந்த உணவு. எங்களுக்கு மாலை 6.15க்கு எல்லோரும் சேர்ந்து உட்காரும் உணவு. இரண்டும் ஒன்றோடொன்று கலப்பதில்லை.

கலக்கக் கூடாது என்பதற்கு ஒழுங்கைவிட முக்கியமான காரணம் உண்டு. நம் வீட்டுக் குழம்பு எதுவும் நாய்க்கு ஏற்றதல்ல. வெங்காயமும் பூண்டும், பச்சையாக இருந்தாலும் வதக்கியதாக இருந்தாலும், நாயின் சிவப்பணுக்களைச் சிதைக்கக்கூடியவை. டர்பன் ஆட்டுக்கறிக் குழம்பில் இரண்டும் எவ்வளவு போகின்றன என்பதை இங்கு சமைப்பவர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. பாயசத்திலும் கேசரியிலும் போடும் உலர்ந்த திராட்சை, மிகச் சிறிய அளவில்கூடச் சில நாய்களின் சிறுநீரகத்தைச் செயலிழக்கச் செய்யும். சாக்லேட்டும், சர்க்கரைக்குப் பதிலாக சைலிட்டால் சேர்த்த மெல்லும் கோந்தும் ஆபத்தானவை. வேக வைத்த எலும்பு பிளந்து குடலைக் குத்தும். எங்கள் மாகாணத்தில் நிறைய விளையும் மக்கடாமியா கொட்டையைப் பக்கத்து வீட்டு அக்கா பருவந்தோறும் பை நிறையக் கொடுப்பார்; அதைத் தின்ற நாய்க்குப் பின்னங்கால்கள் துவண்டுவிடும் என்று தெரிந்த நாளிலிருந்து அந்தப் பையை மேல் அலமாரியில்தான் வைக்கிறேன். கேரட் துண்டும் உப்பில்லாமல் வேக வைத்த பூசணியும் மணிக்குப் போதும். மகனின் சிற்றுண்டிப் பெட்டிக்கு நான் கேரட் நறுக்கும்போது இரண்டு துண்டு அதற்கும் ஒதுக்குவேன். நாய் விரும்பித் தின்பதைப் பார்த்தே அவனும் தின்னப் பழகினான்.

இங்கு வளரும் பிள்ளைகள் செருப்பில்லாமல்தான் ஓடுவார்கள். தோட்டம், தெரு, கடை, எங்கும் வெறுங்கால். வந்த புதிதில் எனக்கு அது வியப்பாக இருந்தது. இப்போது என் மகனின் பாதமும் அப்படியே காய்த்திருக்கிறது. நாய் உள்ள வீட்டில் இந்தப் பழக்கம் இருந்தால் தோட்டத்தில் மலத்தை அன்றன்றே அள்ளியாக வேண்டும். நாயின் குடலில் வாழும் உருளைப்புழுவின் முட்டை, மண்ணில் விழுந்து இரண்டு மூன்று வாரம் கழிந்த பிறகுதான் தொற்றும் தன்மையை அடைகிறது. அதற்கு முன்பே அள்ளிவிட்டால் அந்தச் சங்கிலி அறுந்துவிடும். கொக்கிப்புழுவோ சில நாட்களிலேயே பொரித்துவிடும். அதன் இளம்புழு ஈர மண்ணிலிருந்து வெறும் பாதத்தின் தோலுக்குள் நுழைந்து, சிவந்த கோடாக ஊர்ந்து கடும் அரிப்பைக் கொடுக்கும். டர்பனின் ஈரப்பதமும் வெப்பமும் இவற்றுக்கு மிகவும் தோதானவை. ஆகவே காலையில் நடைக்குப் போனவர் திரும்பியதும் தோட்டத்தைச் சுற்றி வந்து அள்ளிப் பையில் கட்டிவிட்டுத்தான் குளிக்கப் போக வேண்டும். மூன்று மாதத்திற்கொருமுறை மணிக்குப் பூச்சி மாத்திரை. நாயைத் தொட்டபின் சோப்புப் போட்டு 20 விநாடி கை கழுவாமல் சிற்றுண்டிப் பெட்டியை யாரும் தொடக் கூடாது.

பிள்ளைகளுக்கும் நாய்க்கும் இடையிலான ஒழுக்கத்தைப் பற்றி நான் கொஞ்சம் கண்டிப்பாகவே இருக்கிறேன். மணி சாப்பிடும்போதும் தூங்கும்போதும் அருகே போகக் கூடாது. அது எழுந்து வேறிடம் போனால் பின்தொடரக் கூடாது. கழுத்தைக் கட்டிக்கொண்டு முகத்தோடு முகம் வைக்கக் கூடாது. நாய் ஒரே பாய்ச்சலாகக் கடிப்பது அரிது. அதற்கு முன் முகத்தைத் திருப்பும், களைப்பில்லாமலே கொட்டாவி விடும், உதட்டை நக்கும், உடலை விறைத்துக்கொள்ளும், உறுமும். உறுமியதற்காக அதை அடித்தால் அடுத்த முறை உறுமாமலே கடிக்கும். இந்தச் சைகைகளை என் மகனுக்கு எழுத்துகளைக் கற்பித்ததுபோலவே ஒவ்வொன்றாகக் கற்பித்தேன். அப்படியும் பெரியவர் ஒருவர் கண்ணில் படும் இடத்தில் இல்லாதபோது அவனையும் மணியையும் தனியே விடுவதில்லை. நல்ல நாய்தான், எனக்கும் உயிர்தான். ஆனாலும் ஆறு வயதுப் பிள்ளை குனிந்தால் முகம் நாயின் வாய் உயரத்தில்தான் இருக்கிறது.

டர்பன் இருக்கும் குவாசூலு-நட்டால் மாகாணத்தில் வசிப்பவர்கள் ரேபிஸ் என்னும் வெறிநோயைப் பற்றி ஒருபோதும் அசட்டையாக இருக்க முடியாது. 1976இல் மொசாம்பிக் பக்கமிருந்து மீண்டும் புகுந்த அந்நோய் இம்மாகாணத்து நாய்களிடையே இன்றுவரை நீடிக்கிறது. தடுப்பூசி சட்டப்படி கட்டாயம்: 3 மாத வயதில் ஒன்று, அடுத்த 12 மாதத்திற்குள் ஒன்று, அதன்பின் குறைந்தது 3 ஆண்டுக்கு ஒருமுறை, நாங்கள் ஆண்டுதோறும் போட்டுவிடுகிறோம். பிள்ளைகள் இருவருக்கும் நான் திரும்பத் திரும்பச் சொல்வது, தெரு நாயோ தெரிந்த நாயோ கடித்தாலும் பிறாண்டினாலும், கீறலில் நக்கினாலும்கூட, திட்டு விழும் என்று பயந்து மறைக்கக் கூடாது என்பதுதான். ஓடும் தண்ணீரில் சோப்புப் போட்டு 15 நிமிடம் கழுவி, அன்றே மருத்துவமனைக்குப் போக வேண்டும். மஞ்சளும் சுண்ணாம்பும் வைத்துக் கட்டி நாளைக்குப் பார்க்கலாம் என்று இருந்துவிடக் கூடாது. நோயின் அறிகுறி தெரிந்தபின் காப்பாற்றுவது ஏறக்குறைய இயலாத காரியம்.

மாலை வேளையில் குரங்குத் தொல்லை ஒன்று உண்டு. வெர்வெட் குரங்குகள் கூட்டமாகக் கூரையில் இறங்கி, திறந்திருக்கும் சன்னல் வழியே வாழைப்பழச் சீப்பைத் தூக்கிக்கொண்டு போகும். அவற்றோடு சண்டைக்குப் போகும் நாய் பலமாகக் கடிபடும் என்பதால், கூட்டம் தெரிந்தவுடன் மணியை உள்ளே அழைத்துக் கதவைச் சாத்திவிடுகிறோம். வெடியும் வாணமும் விடும் தீபாவளி, நவம்பர் 5 (கை ஃபாக்ஸ் நாள்), புத்தாண்டு ஆகிய இரவுகளிலும் அப்படித்தான்: நடை முன்கூட்டியே முடியும், மணி நடு அறையில் திரைச்சீலை மூடிய இருட்டில் இருக்கும், யாராவது ஒருவர் அதனோடு தரையில் உட்கார்ந்திருப்போம். சென்ற தீபாவளியில் அந்த இடத்தை மகளே கேட்டு வாங்கிக்கொண்டாள்; வெளியில் வாணம் விடும் பிள்ளைகளை அவள் ஒருமுறைகூட எட்டிப் பார்க்கவில்லை.

இரவுணவு முடிந்ததும் கைபேசிகள் எல்லாம் ஆயாவின் அலமாரிக்குப் போய்விடும், எங்களுடையவையும் சேர்த்து. 6 முதல் 12 வயதுப் பிள்ளைகளுக்கு 9 முதல் 12 மணி நேரத் தூக்கம் வேண்டும், 5.15க்கு எழும் மகள் எட்டு மணிக்குப் படுத்தால்தான் அந்தக் கணக்கு சரியாகும். மகன் ஆறு மணிக்குத்தான் எழுகிறான் என்றாலும், சின்னவன் என்பதால் 7.30க்கே படுத்துவிடுகிறான். அதற்கு முன் அவன் செய்யும் காரியம் ஒன்றைச் சொல்லாமல் இருக்க முடியவில்லை. சனிக்கிழமைத் தமிழ் வகுப்பில் அவன் இப்போது எழுத்துக் கூட்டிப் படிக்கத் தொடங்கியிருக்கிறான். எங்கள் முன்னால் படிக்கச் சொன்னால் கூச்சம் வந்துவிடும். 'மழை' என்பதை 'மளை' என்று சொல்லிவிட்டு என் முகத்தைப் பார்ப்பான், அதோடு புத்தகத்தை மூடிவிடுவான். மணியிடம் அந்தக் கூச்சம் இல்லை. தாழ்வாரத்தில் அதன் பாய்க்கு இரண்டடி தள்ளி உட்கார்ந்து, ஒவ்வொரு எழுத்தின்மேலும் விரலை வைத்து, உரக்கப் படிக்கிறான். மணி தலையைப் பாதங்களின்மேல் வைத்துக் கேட்டுக்கொண்டிருக்கும். தவறாகப் படித்த சொல்லைத் தானாகவே திரும்பிப் போய் மீண்டும் படிக்கிறான். சமையலறையிலிருந்து கேட்டுக்கொண்டிருக்கும் ஆயா குறுக்கே பேசுவதில்லை. அவர் காலத்தில் பள்ளியில் தமிழ் கற்க வாய்ப்பில்லாததால், அவருக்கே பல சொற்களின் எழுத்து வடிவம் தெரியாது. பேரன் படிக்கும் வேளையில் பாத்திரம் தேய்ப்பதையும் நிறுத்திவிடுகிறார்.

அதன்பின் நாளின் கடைசி வேலை, உண்ணி பார்ப்பது. உண்ணி கடித்த அந்தக் கணமே நோயைக் கடத்திவிடுவதில்லை. பெரும்பாலும் ஒன்றிரண்டு நாள் ஒட்டிக்கொண்டு இரத்தம் குடித்த பிறகே கிருமி உள்ளே போகிறது. ஆகவே மாத்திரை கொடுத்திருந்தாலும் இரவுதோறும் பார்த்து எடுத்துவிடுவது இரண்டாவது காவல். மகன் கைவிளக்கைப் பிடிக்க, மகள் தன் விரல்களால் மணியின் ரோமத்தை வாலிலிருந்து தலைவரை எதிர்ப்புறமாகக் கோதிப் பார்ப்பாள். காது மடலின் உட்புறம், கழுத்துப் பட்டையின் அடி, முன்னங்கால் அக்குள், விரலிடுக்கு என்று ஓர் இடமும் விடமாட்டாள். முன்பெல்லாம் மண்ணெண்ணெய் தொட்டு வைப்பார்கள் என்று ஆயா சொல்வார்; எண்ணெயும் நெருப்பும் உண்ணியை வதைத்து இன்னும் எச்சிலைக் கக்கவைக்கும் என்று மருத்துவர் சொன்னதால், சிறு இடுக்கியால் தோலை ஒட்டிப் பிடித்து நேராக மேலே இழுத்து எடுக்கிறோம், பிறகு கடித்த இடத்தையும் கையையும் கழுவுகிறோம்.

நேற்று இரவு இடது காதில் ஒன்று இருந்தது, எள்ளைவிடச் சற்றே பெரிது. மகள் மூச்சைப் பிடித்துக்கொண்டு அதை இழுத்தாள். மணி கண்ணை மட்டும் சிமிட்டியது. ஸ்பிரிட் ஊற்றிய சிறு குப்பிக்குள் உண்ணியைப் போட்டு மூடிவிட்டு, தாழ்வாரத்தில் தொங்கும் குறிப்பேட்டில் தேதியையும் 'இடது காது, 1' என்பதையும் எழுதிக் கையெழுத்திட்டாள். மகன் கைவிளக்கை அணைக்காமல், வலது காதை இன்னொரு முறை பார்க்கச் சொன்னான்.